நிற்கும் உருவம் வரையும்போது உங்களுக்கு எங்கே சறுக்கியது?

கரித்துண்டு:
ஒற்றைக்கால் போஸ், 2 நிமிடம். எடை முழுக்க வலது காலில், இடது முழங்கால் தளர்வு. பேப்பரில் கை கால் அளவெல்லாம் சரி, ஆனால் ஆள் தளர்ந்த கால் பக்கம் சரிந்து விழுகிற மாதிரியே இருந்தார். நூலில் சாவியைக் கட்டித் தொங்கவிட்டதும் பிடிபட்டது. தொண்டைக்குழிக்கு நேர் கீழே வலது உள் கணுக்கால் வரணும். படத்தில் அந்தக் கோடு இரண்டு பாதத்துக்கும் நடுவே இறங்கியது. தலை, மார்பு முடித்துவிட்டுக் காலைக் கடைசியில் ஒட்டினால் இப்படித்தான்.

நடுக்கோடு:
இடுப்பைப் பார்த்தீர்களா? எடை தாங்கும் பக்கம் இடுப்பெலும்பு ஏறும், அதே பக்கத் தோள் இறங்கும். விலாவுக்குக் கீழே அந்தப் பக்கச் சதை மடிந்து நசுங்கும், எதிர்ப்பக்கம் இழுபட்டு நீளும். அந்த ஒரு மடிப்பு விழுந்த நொடியில் உருவம் நிற்க ஆரம்பித்துவிடும்.

தண்ணீர்க்குடம்:
முதல் பதிவை அப்படியே ஏற்க முடியாது. சுமையில்லாமல், எதிலும் சாயாமல் நிற்பவருக்குத்தான் அந்தக் கணக்கு. இடது இடுப்பில் 15 லிட்டர் குடத்தோடு நிற்கும் பெண்ணை வரைந்து பாருங்கள். தண்ணீர் மட்டுமே 15 கிலோ. உடம்பு வலப்பக்கம் சாயும், வலது கை விலகி நீளும், தொண்டைக்குழியும் அந்தப் பக்கம் ஒதுங்கும். ஆளும் குடமும் சேர்ந்த எடைதான் பாதத்துக்கு மேல் நிற்கிறது. விதிக்காகத் தொண்டைக்குழியை இழுத்து நேராக்கினால் படத்தில் குடம் காலியாகிவிடும்.

ஈசல்பலகை:
இதையெல்லாம் விட முதலில் பலகையை நிமிர்த்துங்கள். மடியில் தட்டையாக வைத்து வரைந்தால் பேப்பரின் மேல்பகுதி கண்ணுக்குக் குறுகித் தெரியும். அதை ஈடுகட்டக் கை தானாகத் தலையைப் பெரிதாக்கும். நிமிர்த்திப் பார்த்தால்தான் கோளாறு தெரியும். பென்சிலை நீட்டிப் பிடித்து ஆளை அளக்கும்போது முழங்கையை மடக்காமல், ஒரு கண்ணை மூடிக்கொண்டு அளங்கள். கை மடங்கினால் ஒவ்வொரு தடவையும் வேறு அளவு வரும். நிற்கும் ஆள் சராசரியாக ஏழரைத் தலை உயரம், பாதி உயரம் தொடைகள் சேரும் இடத்தை ஒட்டி வரும். 20 நிமிட போஸ் என்றால் மாடலின் பாதத்தைச் சுற்றிச் சாக்பீஸால் கோடு போடுங்கள், இடைவேளை முடிந்து அதே இடத்தில் நிற்கட்டும்.

நடுக்கோடு:
பாதம் அதே இடத்தில் இருந்தாலும் களைப்பில் தோள் தொங்கிவிடும். அதைத் துரத்தித் திருத்தாதீர்கள். முதல் 2 நிமிடத்தில் தோளுக்கும் இடுப்புக்கும் போட்ட சாய்கோடுகளையே பிடித்துக்கொள்ளுங்கள்.