தனுஷ்கோடியிலிருந்து வந்த அப்பத்தாவைக் கதை சொல்ல வைப்பது எப்படி?

கேள்வி

என் அப்பத்தாவுக்கு 82 வயது. 1964 டிசம்பர் 22 இரவில் புயல் தனுஷ்கோடியை அழித்தபோது, கைக்குழந்தையாக இருந்த என் அப்பாவைத் தூக்கிக்கொண்டு ராமேஸ்வரம் பக்கமாக வந்து சேர்ந்தவர். இப்போது மதுரையில் எங்களோடு இருக்கிறார். என் சிறுவயதில், மின்சாரம் போன இரவுகளில், போட் மெயில் ரயிலில் வந்து இறங்கி இலங்கையின் தலைமன்னாருக்குப் போகும் கப்பலுக்குக் காத்திருந்தவர்களைப் பற்றியெல்லாம் அவராகவே சொல்வார். இன்று இன்வெர்ட்டர் வந்துவிட்டது. மின்சாரம் போனாலும் அவரவர் அறையிலேயே இருந்துவிடுகிறோம். என் பிள்ளைகளுக்காகப் பதிவு செய்யலாம் என்று சென்ற மாதம் அவரை உட்காரவைத்து எதிரே கைப்பேசியை நிறுத்தினேன். "புயல் வந்துச்சு, எல்லாம் போச்சு" என்பதோடு முடித்துக்கொண்டார். என்ன செய்யலாம்?

பதில் 1

நேர்காணல் மாதிரி எதிரே உட்காரவைத்தால் எந்த வீட்டுப் பெரியவரும் அப்படித்தான் முடித்துக்கொள்வார். என் அம்மா முருங்கைக்கீரை உருவும்போது மட்டுமே பேசுவார். கீரை தீர்ந்ததும், கதை பாதியில் நின்றாலும், எழுந்து போய்விடுவார். ஆகவே நான் இரண்டு கட்டுக் கீரை வாங்கத் தொடங்கினேன். கைக்கு வேலையும் கண்ணுக்கு வேறோர் இடமும் இருந்தால்தான் சிலருக்கு வாய் திறக்கும். புயலைப் பற்றிக் கேட்காதீர்கள். அந்த ஊரில் நல்ல தண்ணீர் எங்கே எடுத்தார்கள், கருவாட்டை எங்கே காயவைத்தார்கள் என்று கேளுங்கள். கேட்பது நீங்களாக இல்லாமல் பிள்ளைகளாக இருந்தால் இன்னும் நல்லது.

பதில் 2

மேலே சொன்னதோடு ஒன்று சேர்க்கிறேன்: திருத்தாதீர்கள். என் தாத்தா ஒரு முறை ஆண்டை மாற்றிச் சொன்னபோது நான் இணையத்தில் தேடிக் காட்டினேன். அதற்குப் பிறகு என்னிடம் அவர் எதையும் முழுதாகச் சொன்னதில்லை. பாம்பனிலிருந்து தனுஷ்கோடி வந்த பயணிகள் ரயிலைக் கடல் கொண்டுபோய் நூறு பேருக்கு மேல் இறந்ததையும், 1914இல் திறந்த பாம்பன் பாலம் சிதைந்து 46 நாட்களில் சீராக்கப்பட்டதையும் யார் வேண்டுமானாலும் படித்துத் தெரிந்துகொள்ளலாம். உங்கள் வீட்டு அடுப்பு எந்தப் பக்கம் பார்த்திருந்தது என்பதை அப்பத்தா ஒருவரிடம்தான் கேட்க முடியும்.

பதில் 3

2017 முதல் தனுஷ்கோடியைத் தாண்டி நிலம் முடியும் அரிச்சல்முனை வரை நல்ல சாலை இருக்கிறது. இடிந்த தேவாலயமும் ரயில் நிலையமும் பார்க்கக் கிடைக்கும். ஆனால் அப்பத்தாவுக்கு விருப்பமா என்று கேட்டுவிட்டு அழைத்துச் செல்லுங்கள். சங்கு மாலைக் கடைகளுக்கு நடுவே நின்று தம் தெருவைத் தேடுவது எல்லோராலும் தாங்க முடிகிற காரியம் அல்ல.

கேள்வி கேட்டவர்

எல்லோருக்கும் நன்றி. போக விருப்பமில்லை என்று சொல்லிவிட்டார்.

ஆனால் நேற்று ஒன்று நடந்தது. அப்பத்தா சோற்றுக்கு அரிசி களைந்த பிறகும், இரண்டு பாத்திரங்களில் மாற்றி மாற்றி அரித்து, அடியில் தங்குவதை விரலால் தடவிப் பார்ப்பார். பாக்கெட் அரிசியில் கல்லே இல்லையே என்று நாங்கள் பல ஆண்டுகளாகக் கேலி செய்திருக்கிறோம். என் ஒன்பது வயது மகள், கீரை யோசனையை நினைத்து நான் சொல்லிக்கொடுத்தபடி, பக்கத்தில் உட்கார்ந்து தானும் ஒரு கிண்ணத்தில் அரித்துக்கொண்டே ஏன் என்று கேட்டாள். புயலுக்குப் பிறகு கைக்குக் கிடைத்த அரிசியில் பாதி கடல் மணல் என்றும், எவ்வளவு அரித்தும் போகாமல் பல்லில் நறநறத்தது என்றும், முதல் வாய் உண்டவுடன் தாத்தா எழுந்து வெளியே போய் அழுதார் என்றும் அப்பத்தா சொன்னார். தாத்தா அழுததைப் பற்றி எங்கள் வீட்டில் இதுவரை யாரும் கேள்விப்பட்டதில்லை. அப்பாவுக்கே தெரியாது.

கைப்பேசி கூடத்தில் சார்ஜில் கிடந்தது. இரவில் என் மகள் சொல்லச் சொல்ல நோட்டில் எழுதினேன். நறநறத்தது என்ற சொல்லை மாற்றக் கூடாது என்று அவள் பிடிவாதம் பிடித்தாள்.