மனைவியின் போனைத் திறந்து பார்த்துவிட்டேன். அவளிடம் சொல்லலாமா?

நெடுவழி:
கல்யாணமாகி 12 வருடம். 2 மாதமாக மனைவி போனோடு மாடிக்குப் போய்த் தணிந்த குரலில் பேசினாள். பக்கத்து ஊர் பஸ்ஸில் அவள் தனியாகப் போனதைப் பார்த்ததாகத் தெருக்காரர் ஒருவர் சொன்னார். சின்ன ஊர், ஒரு வாய் சொன்னால் பத்து வாய் சொன்ன மாதிரி. அவள் குளிக்கப் போன நேரம் போனைத் திறந்தேன். மார்பில் கட்டி, பயாப்சி, புற்றுநோய் இல்லை என்ற முடிவு. பேசியதெல்லாம் அவள் அக்காவிடம். என்னிடம் இன்னும் சொல்லவில்லை. பார்த்ததைச் சொல்வதா, விடுவதா?

மழைத்துளி:
இன்றே சொல்லுங்கள். அவர் ஏன் பக்கத்து ஊருக்குப் போனார் என்று யோசித்தீர்களா? உள்ளூர் ஸ்கேன் சென்டரில் போய் உட்கார்ந்தால் சாயங்காலத்துக்குள் தெருவுக்கே தெரியும். உங்களை உசுப்பிவிட்ட அதே வாய்களுக்குப் பயந்துதான் அவர் ஒளிந்து போயிருக்கிறார்.

பழையமரம்:
எனக்கு இதில் உடன்பாடில்லை. சொன்னால் உங்கள் பாரம் இறங்கும், அது அவர் தலையில் ஏறும். இப்போதுதான் உயிர்ப்பயம் நீங்கி மூச்சு விடுகிறார். அவராகச் சொல்லட்டும், பொறுங்கள். கட்டிய கணவரிடம் மறைத்ததும் தப்புதான்.

மழைத்துளி:
தப்பா? மார்புக் கட்டிகளில் பெரும்பாலானவை புற்றுநோய் இல்லை. ஆனால் முடிவு வரும்வரை அதை நினைத்து எந்தப் பெண்ணுக்கும் தூக்கம் வராது. அதோடு, ஒருமுறை போனைத் திறந்த கை சும்மா இருக்காது. பார்த்தால் கிடைக்கும் நிம்மதி கொஞ்ச நேரம்தான், மறுபடி அரிக்கும். என் கணவர் 4 வருடம் என் போனைப் பார்த்தார். ஒன்றும் கிடைக்காதபோது, "அழித்துவிட்டாய்" என்றார்.

பழையமரம்:
கேட்கவே கஷ்டமாக இருக்கிறது அம்மா. அந்த அளவுக்குப் போனால் மனநல மருத்துவரைத்தான் பார்க்க வேண்டும். நாள்பட்ட குடியாலும் சந்தேகம் அப்படி முற்றுவதுண்டு. ஆனால் இவர் ஒரே ஒருமுறை பார்த்துவிட்டு வெட்கப்படுகிறார். இரண்டும் ஒன்றில்லை.

மழைத்துளி:
அவரும் ஒருமுறையில்தான் ஆரம்பித்தார், ஐயா.

நெடுவழி:
நேற்று இரவு சொல்லிவிட்டேன். ரொம்ப நேரம் அவள் பேசவில்லை. அப்புறம், "அக்காவிடம் சொன்னவள் உங்களிடம் ஏன் சொல்லவில்லை என்று கேட்கமாட்டீர்களா?" என்றாள். கேட்டேன். போன வருடம் எதிர்வீட்டுப் பெண்ணின் நோயைப் பற்றி நான் தெருவில் நின்று நாலு பேரிடம் பேசியதை ஞாபகப்படுத்தினாள்.