எழும்பூர் கண் ஆஸ்பத்திரி: உங்கள் அனுபவங்களைச் சொல்லுங்கள்

அம்மாவுக்குக் கண் நீர் அழுத்த நோய். வலியோ சிவப்போ இல்லாமல் பார்வை ஓரத்திலிருந்து சுருங்கிக்கொண்டே வந்திருக்கிறது. நேரே இருப்பது தெளிவாகத் தெரிந்ததால் அம்மாவுக்கே சந்தேகம் வரவில்லை. சொட்டு மருந்துக்கு அழுத்தம் இறங்காமல், எழும்பூரில் அறுவை சிகிச்சை செய்தார்கள். "உள்ளே தேங்கும் நீர் வடிய ஒரு சின்ன வழி செய்கிறோம், பயப்படாதீங்கம்மா. இதற்கு முன்னோடியான ஆபரேஷனை இங்கேயே நூறு வருஷத்துக்கு முன்னால் செய்திருக்கிறார்கள்" என்றார் டாக்டர்.

அப்புறம்தான் தேடிப் படித்தேன். 1904 முதல் 1913 வரை இங்கே கண்காணிப்பாளராக இருந்த ராபர்ட் ஹென்றி எலியட், கருவிழியும் வெள்ளைவிழியும் சேரும் இடத்தில் நுண்ணிய வட்டத் துளை போட்டு நீரை வடியவிடும் முறையை வளர்த்தெடுத்தார். அது பல நாடுகளுக்கும் பரவியது. நீர் அளவுக்கு மீறி வடியாதபடி துளைக்கு மேல் மெல்லிய மூடி விடுவது பின்னால் வந்த திருத்தம். அம்மாவுக்கு நடந்தது அதுதான்.

ஆஸ்பத்திரி தொடங்கியது 1819-ல், ராயப்பேட்டையில். லண்டன் மூர்ஃபீல்ட்ஸுக்கு அடுத்தபடி உலகிலேயே பழைய கண் மருத்துவமனை என்கிறார்கள். எழும்பூருக்கு வந்தது 1884-ல். எலியட் பெயரில் உள்ளேயே ஒரு அருங்காட்சியகமும் இருக்கிறது. 'கவர்மென்ட் ஆஸ்பத்திரிதானே' என்று தள்ளிப் பேசுகிறவர்கள் இதையெல்லாம் தெரிந்துகொள்ள வேண்டும் என்று மனதார நினைக்கிறேன்.

மறுமொழி 1
நான் அங்கே நர்ஸிங் பயிற்சி எடுத்தவள். மழைக்காலம் வந்தால் புறநோயாளிப் பிரிவு முழுக்கச் சிவந்த கண்கள்தான். 1918-ல் 'மெட்ராஸ் ஐ' தொற்றை முதலில் கண்டறிந்ததும் இந்த ஆஸ்பத்திரியில்தான். பார்த்தால் ஒட்டாது, கையும் துண்டும் பட்டால்தான் ஒட்டும் என்று எத்தனை பேருக்குச் சொல்லியிருப்பேன்!

மறுமொழி 2
அப்பா தவறிய இரவில் கண் தானம் பற்றிப் பேச்செடுத்தபோது சித்தி தடுத்தார். "முகம் பள்ளமாயிடும்டா, ஊர் பார்க்கணுமே" என்று அழுதார். வந்த குழுவினர் பொறுமையாகப் பேசினார்கள். கொஞ்ச நேரத்தில் வேலை முடிந்தது. காலையில் முகத்தில் எந்த வித்தியாசமும் தெரியவில்லை, சித்தியே கிட்டப் போய்ப் பார்த்துவிட்டு வந்தார்.

இந்தியாவின் முதல் கண் வங்கி 1945-ல் இங்கே எழும்பூரில் தொடங்கியது. அதை நிறுவிய டாக்டர் ஆர்.இ.எஸ். முத்தையா 1948-ல் கருவிழி மாற்று அறுவை சிகிச்சையும் செய்தார். கருவிழியில் ரத்தக்குழாய் கிடையாது என்பதால் ரத்த வகை பொருந்துகிறதா என்று பார்க்கும் தேவை பெரும்பாலும் இல்லை. கண்ணாடி போட்டவர்கள், சர்க்கரை நோய் உள்ளவர்கள், புரை ஆபரேஷன் செய்தவர்கள் எல்லோரும் தரலாம். நேரம்தான் முக்கியம், 6 மணி நேரத்துக்குள் எடுக்க வேண்டும். அதுவரை இமையை மூடி ஈரப் பஞ்சு வையுங்கள், தலையைக் கொஞ்சம் உயர்த்துங்கள், மின்விசிறியை நிறுத்திவிடுங்கள்.