புகையைப் பார், சத்தத்தைக் கேட்காதே: ஸ்டாப்வாட்ச் பிடித்தவர்களின் அனுபவங்கள்

சுண்ணாம்புக்கோடு:
உடற்கல்வி ஆசிரியராகச் சேர்ந்த முதல் வருஷம். குறுவட்டப் போட்டியில் நூறு மீட்டருக்கு ஆள் போதவில்லை என்று என் கையில் ஒரு வாட்சைத் திணித்து எல்லைக்கோட்டில் நிற்க வைத்துவிட்டார்கள். முதலிடத்துக்கு நேரம் எடுக்கும் மூன்று பேரில் நானும் ஒருவன். இதில் என்ன இருக்கிறது, ஓட்டத்தைத் தொடங்கிவைக்கும் துப்பாக்கி டப் என்று கேட்டால் ஒரு அழுத்து, பையன் வந்தால் இன்னொரு அழுத்து என்றுதான் நினைத்தேன்.

முதல் ஹீட்ஸ், அதாவது தகுதிச் சுற்று ஓட்டம், முடிந்தது. என் வாட்சில் 11.68. மற்ற இருவரிடமும் 11.96, 11.98. பக்கத்தில் நின்ற மூத்த ஆசிரியர் கேட்டார்: "சத்தத்துக்கா சார் அழுத்தினீங்க?" ஆமாம் என்றேன். "புகையைப் பாருங்க சார். சத்தம் நடந்து வரும்."

வினாடிக்குச் சுமார் 340 மீட்டர் போகிற ஒலி, நூறு மீட்டர் தாண்டி என் காதுக்கு வர கிட்டத்தட்ட 0.3 வினாடி ஆகிவிடுகிறது. பள்ளிப் பையன் ஓடுகிற வேகத்தில் அது இரண்டரை மீட்டர்! துப்பாக்கி இல்லாமல் கட்டை அடிக்கும் போட்டிகளிலும் இதே கதைதான்; கட்டைகள் சேர்வதைக் கண்ணால் பார்த்து அழுத்த வேண்டும்.

கையால் எடுத்த நேரத்தை எப்போதும் அடுத்த பத்தில் ஒரு வினாடிக்கு மேல்நோக்கித்தான் முழுமையாக்குவார்கள். 11.96, 11.98 இரண்டுமே 12.0, என்னுடையது 11.7. மூன்றில் இரண்டு ஒத்துப்போனால் அதுதான் முடிவு. மூன்றும் வேறு வேறு என்றால் நடுவில் இருப்பது. என் தப்பு யாரையும் பாதிக்கவில்லை, ஒருவனைத் தவிர. அதை அப்புறம் சொல்கிறேன்.

கடைசிலேன்:
சார், நான் வாட்சுக்கு அந்தப் பக்கம் ஓடியவன். கல்லூரி முழுக்க என் நூறு மீட்டர் 11.2 என்று சொல்லிக்கொண்டு திரிந்தேன். பல்கலைக்கழகப் போட்டியில் முதல்முறையாக மின்னணு முறையில் எடுத்தார்கள். 11.46. இரண்டு நாள் யாரோடும் பேசவில்லை.

பயிற்சியாளர்தான் விளக்கினார். புகையைப் பார்த்தே அழுத்தினாலும் விரல் கொஞ்சம் தாமதிக்கும். ஆனால் முடிவில் ஓடி வருகிறவன் கண்ணெதிரே தெரிகிறான், விரல் தயாராகக் காத்திருக்கும், தாமதமே இருக்காது. அதனால் கை நேரம் எப்போதும் ஓட்டக்காரனுக்குச் சாதகம். ஒப்பிடும்போது நூறு, இருநூறு மீட்டருக்கு 0.24 கூட்டிக்கொள்வது வழக்கம். கூட்டிப் பார்த்தேன், 11.44. ஆக நான் மெதுவாகவும் ஓடவில்லை, என் 11.2 உண்மையும் இல்லை.

மில்கா சிங்குக்கே இரண்டு நேரம் உண்டு. 1960 ரோம் ஒலிம்பிக் 400 மீட்டரில் கை வாட்சில் 45.6, மின்னணுவில் 45.73. எதில் பார்த்தாலும் நான்காவது இடம்தான், பாவம்.

குளத்தங்கரை:
ரோம் என்றதும் ஞாபகம் வந்தது. அதே ஒலிம்பிக்கில் நூறு மீட்டர் ஃப்ரீஸ்டைல் நீச்சல். அமெரிக்காவின் லான்ஸ் லார்சனுக்கு மூன்று வாட்சுகள் 55.0, 55.1, 55.1 காட்டின. ஆஸ்திரேலியாவின் ஜான் டெவிட்டுக்கு மூன்றுமே 55.2. தங்கம் டெவிட்டுக்கு! யார் முந்தினார் என்பதை நடுவர்களின் கண் தீர்மானித்த காலம் அது.

எனக்கு இதைப் படிக்கும்போது சிரிப்பு வரவில்லை. எங்கள் குளத்தில் சின்னப் போட்டிகளுக்குப் பெற்றோர்தான் வாட்ச் பிடிப்போம். ஒருமுறை என் மகள் நீந்திய லேனே எனக்கு வந்தது. அவள் கை சுவரைத் தொடுவதற்கு ஒரு சாண் முன்பே என் விரல் அழுத்திவிட்டது. வேண்டுமென்று செய்யவில்லை; ஆனால் அழுத்தியது தெரியும். எழுந்து போய்ச் சொல்லிவிட்டேன். இப்போதெல்லாம் அவள் லேனுக்கு என்னைப் போட வேண்டாம் என்று முதலிலேயே சொல்லிவிடுவேன். சரி சார், அந்த ஒருவன் யார்?

சுண்ணாம்புக்கோடு:
அந்தப் பையன்தான் அம்மா. ஓடி முடித்து மூச்சு வாங்கிக்கொண்டே நேராக என்னிடம் வந்து "எவ்ளோ சார்?" என்றான். மற்றவர்களைக் கேட்காமல் "11.7டா" என்று சொல்லிவிட்டேன். துள்ளிக் குதித்துக்கொண்டு போனான். பத்து நிமிஷத்தில் மைக்கில் 12.0 என்று அறிவித்தார்கள். திரும்ப வந்து நின்றான்.

"சார், அந்த 11.7 என்ன சார் ஆச்சு?"