சங்கிலிக் காட்சியை நேரலையில் எடுக்க உதவி வேண்டும்

எல்லோருக்கும் வணக்கம். பாலக்கோட்டில் எங்கள் நாடகக் குழு, பம்மல் சம்பந்த முதலியாரின் 'மனோகரா'விலிருந்து, நாயகன் மனோகரன் சங்கிலியால் கட்டுண்டு நிற்கும் சங்கிலிக் காட்சியை மட்டும் எடுத்து, ஆரம்பகால டிவி நாடகம் போல நேரலையாக நடத்தப் போகிறது. வெட்டு ஒட்டு கிடையாது. தவறினால் தவறியதுதான்.

1928 செப்டம்பர் 11 அன்று அமெரிக்காவின் ஷெனெக்டடியில் ஒளிபரப்பான நாடகம்தான் முன்மாதிரி. மொத்தம் 3 கேமரா. திரையோ 3 அங்குலம். ஒரு முகமோ இரண்டு கையோதான் அதில் அடங்கும். அதனால் முகத்துக்கு இரண்டு பேர், கைகளுக்கு வேறு இரண்டு பேர்! இதைப் படித்த அன்று எனக்குத் தூக்கமே வரவில்லை.

சிக்கல் வசனத்தில்தான். கடைசி வரிசைவரை கேட்க வேண்டும் என்று எழுதிய வசனம் அது. முகம் மட்டும் தெரியும்போது வெறும் கத்தலாக விழுகிறது. எதைக் குறைப்பது, எதை அடிக்குரலில் சொல்ல வைப்பது? கூத்தோ நாடகமோ ஆடிய பெரியவர்கள் ஒருமுறை ஒத்திகைக்கு வந்து சொன்னால் பெரிய உதவி.

அப்புறம், கல்யாண நேரலையில் வீடியோ மிக்ஸர் (ஒரு கேமராவிலிருந்து இன்னொன்றுக்குப் படத்தை மாற்றும் கருவி) இயக்கிப் பழகியவர் ஒருவர் வேண்டும். நேற்று சங்கிலி இறுகி விரல்கள் வெளுத்த நொடியில் படம் கைகளுக்கு மாறாமல் முகத்திலேயே நின்றுவிட்டது. மனசு ஆறவில்லை.

பழைய மாட்டுச் சங்கிலி யாரிடமாவது இருக்கிறதா? பென்னாகரம், காரிமங்கலம் பக்கம் என்றால் நானே வந்து வாங்கிக்கொள்கிறேன். பத்திரமாகத் திருப்பித் தருவேன்.