மறுமொழி: மூன்று குறுக்குக்கட்டை உள்ள சிலுவைக்கு என்ன சொல்?

> ஒருங்குறி (யூனிகோட்) 2626 என்ற எண்ணுள்ள எழுத்துக்குப் ‘பழமைவாதச் சிலுவை’ என்று ஒரு பட்டியலில் பார்த்தேன். ‘முக்கட்டைச் சிலுவை’ என்று மாற்றலாமா?

பழமைவாதம் வேண்டவே வேண்டாம் ஐயா, ஏதோ கட்சிச் சின்னம் மாதிரி இருக்கிறது. இங்கே ‘ஆர்த்தடாக்ஸ்’ என்பது ஒரு கிறிஸ்தவ சபைப் பிரிவின் பெயர்; அந்தச் சபைக்கு ‘மரபுவழித் திருச்சபை’ என்ற பெயர் ஏற்கெனவே புழக்கத்தில் உண்டு. ஆனால் ‘மரபுவழிச் சிலுவை’ என்றாலும் குழப்பம்தான். கேரளத்திலும் ஆர்த்தடாக்ஸ் சபை இருக்கிறது. அந்த வட்டாரத்துச் சிரியன் கிறிஸ்தவர்கள் ‘மார்த்தோமா சிலுவை’ என்று போற்றுவது வேறு வடிவம். சென்னைக்காரர்கள் பரங்கிமலைக் கோயிலில் பார்த்திருப்பீர்கள்: 1547-இல் போர்த்துக்கீசியர் கண்டெடுத்த கல், சுற்றிலும் பஹ்லவி என்ற பண்டைய பாரசீகத்து எழுத்து, மேலே புறா. அதில் சாய்ந்த கட்டையே கிடையாது.

‘முக்கட்டை’யும் தேறாது. பாப்பரசர் சிலுவைக்கும் மூன்று குறுக்குக்கட்டைகள்தான். அங்கே மூன்றும் கிடையாக இருக்கும், மேலே போகப் போகக் குட்டையாகும். அந்தப் பெயரை அதற்கே விட்டுவிடலாம்.

2626-இல் மேல்கட்டை, ரோம ஆளுநர் பிலாத்து எழுதி மாட்டச் சொன்ன பலகை. நடுக்கட்டையில் கைகள். கீழே சாய்ந்திருப்பது பாதங்களைத் தாங்கும் பலகை. ரஷ்ய மரபில் அந்தச் சாய்வைத் தராசுக்கோல் என்பார்கள். இயேசுவோடு சிலுவையில் அறையப்பட்ட இரு கள்ளரில், அவர் வலப்பக்கம் தொங்கிய நல்ல கள்ளனை நோக்கி ஒரு முனை உயர்கிறது. அவரைப் பழித்த மற்றவன் பக்கம் மறுமுனை தாழ்கிறது. (நாம் பார்க்கும்போது இடது முனைதான் மேலே இருக்கும். எழுத்துரு வரைகிறவர்கள் இதைத் திருப்பிப் போட்டால் நல்லவன் கெட்டவனாகிவிடுவான்!) இந்தச் சிலுவையின் அடையாளமே அந்தச் சாய்வுதான் என்பதால் என் பரிந்துரை: சாய்பலகைச் சிலுவை.

> இயேசுவின் உருவம் உள்ளதற்குச் ‘சிலுவையேற்றச் சிற்பம்’?

இதற்குப் புதுச்சொல் எதற்கு? கத்தோலிக்க வீடுகளில் ‘பாடுபட்ட சுரூபம்’ என்றுதான் சொல்வோம். எங்கள் பாட்டி அதை ஒருநாளும் வெறுமனே சிலுவை என்று சொன்னதில்லை. சிலுவை மரம்; சுரூபம் அதில் பாடுபட்டவர். சீர்திருத்த சபைக் கோயில்களில் பெரும்பாலும் வெறும் சிலுவைதான் இருக்கும் என்பதால், இரண்டையும் ஒரே சொல்லில் அடைக்கக் கூடாது.

அப்புறம், பெருக்கல் குறி போன்ற அந்திரேயா சிலுவைக்குப் ‘பெலவேந்திரர் சிலுவை’ என்று ஒருவர் எழுதியிருந்தார். இயேசுவின் சீடர் அந்திரேயாவுக்குத் தமிழில் வழங்கிய அழகான பழைய பெயர்தான், ஆனால் இன்று எத்தனை பேருக்குப் புரியும்? ‘பெருக்கற் சிலுவை’ என்று வடிவத்தைச் சொல்லிவிட்டு, விளக்கத்தில் அந்திரேயா, பெலவேந்திரர் இரண்டையும் போடலாம்.

‘சாய்பலகை’யைச் ‘சாய்படி’ என்று சுருக்கிப் பார்த்தேன், ஏணி நினைவுதான் வருகிறது. யாருக்காவது இதைவிடக் கச்சிதமாக ஒன்று தோன்றினால் எழுதுங்கள்.