5/10 என்றாலே ‘ஹாப்லோ’வா? எச்.எல்.ஏ. ரிப்போர்ட்டில் ஹாப்லோடைப் என்ற சொல்லை எங்கே, எப்படிப் பயன்படுத்துவது

மார்த்தாண்டம்_எம்.எல்.டி. (கேள்வி)

வணக்கம். எலும்பு மஜ்ஜை மாற்றுக்காகத் திருவனந்தபுரத்திலோ வேலூரிலோ எச்.எல்.ஏ. டைப்பிங் (டோனரின் திசு வகை பொருந்துமா என்று பார்க்கும் டெஸ்ட்) பார்த்த குடும்பங்கள் ரிப்போர்ட்டை எடுத்துக்கொண்டு ஊர் லேபுக்கு வந்து விளக்கம் கேட்கிறார்கள். அதில் ‘ஹாப்லோடைப்’ என்ற சொல்லில்தான் குழப்பம். நோயாளிக்கும் அண்ணனுக்கும் 5/10 பொருந்தினால் ‘ஹாப்லோ மேட்ச்’ என்று எழுதியிருக்கிறது. சொந்தமே இல்லாத டோனருக்கு 5/10 வந்தாலும் அப்படியே சொல்லலாமா? ஒரு லோகஸில் (ஜீன் இருக்கும் இடம்) ஒரே ஒரு அலீல் (அந்த ஜீனின் ஒரு வடிவம்) போட்டுப் பக்கத்தில் கோடு இழுத்திருந்தால் அதற்கு என்ன பொருள்? மாமன் மகளைக் கட்டிய ஒரு வீட்டில் பிள்ளைக்கு அம்மாவே 10/10 என்று வந்திருக்கிறது. “அம்மா எப்பவும் பாதிதானே பொருந்தணும், லேபில் டியூப் மாறிப்போச்சு” என்கிறார்கள். அது சரியா? வம்சாவளி டெஸ்டில் வரும் ‘ஹாப்லோகுரூப்’பும் இதுவும் ஒன்றா என்றும் கேட்கிறார்கள்.

நாஞ்சில்_இம்யூனோ

முதல் கேள்விக்கு நேர் பதில்: சொல்லக் கூடாது. 5/10 என்பது எண்ணிக்கை: ஏ, பி, சி, டி.ஆர், டி.க்யூ என்ற ஐந்து லோகஸிலும் இரண்டிரண்டாக இருக்கும் பத்து அலீல்களில் ஐந்து பொருந்துகின்றன என்பது. ஹாப்லோ என்பது வழி, அதாவது அந்த ஐந்தும் எந்தக் குரோமோசோம் வழியாக வந்தன என்பது.

ஒரே குரோமோசோமின் மேல் வரிசையாக இருந்து, தாயிடமிருந்தோ தந்தையிடமிருந்தோ ஒட்டுமொத்தமாக வந்து சேரும் அலீல்களின் தொகுப்புதான் ஹாப்லோடைப். 1967-இல் இத்தாலிய மரபியலாளர் ருஜெரோ செப்பெல்லினி இந்தச் சொல்லைக் கொண்டுவந்தார். எச்.எல்.ஏ. ஜீன்கள் 6-ஆம் குரோமோசோமின் குட்டைக் கரத்தில் நெருக்கமாக இருக்கின்றன. ஏ லோகஸிலிருந்து டி.ஆர்.பி.1 வரைக்கும் சுமார் 26 லட்சம் பேஸ் ஜோடிதான். அவ்வளவு நெருக்கத்தில் இருப்பவை பெரும்பாலும் பிரியாமலே அடுத்த தலைமுறைக்குப் போகும்.

தோவாளைச் சந்தையில் உதிரிப் பூவும் உண்டு, கட்டின சரமும் உண்டு. அலீல் என்பது உதிரிப் பூ, ஹாப்லோடைப் என்பது சரம். அப்பாவிடமிருந்து ஒரு சரம், அம்மாவிடமிருந்து ஒரு சரம். லேப் தரும் ரிப்போர்ட் இரண்டையும் உதிர்த்து ஒரே தட்டில் போட்டுத்தான் கொடுக்கிறது. எந்தப் பூ எந்தச் சரத்தில் இருந்தது என்று அதை மட்டும் பார்த்து உறுதியாகச் சொல்ல முடியாது.

ஒரு மாதிரிக் குடும்பத்தை எழுதிப் பார்ப்போம். சுருக்கத்துக்காக மூன்று லோகஸ் மட்டும்.

அப்பா
அ: ஏ*33:03, பி*44:03, டி.ஆர்.பி.1*07:01
ஆ: ஏ*24:02, பி*40:06, டி.ஆர்.பி.1*15:01

அம்மா
இ: ஏ*01:01, பி*57:01, டி.ஆர்.பி.1*07:01
ஈ: ஏ*11:01, பி*35:03, டி.ஆர்.பி.1*14:04

நோயாளி அ/இ என்று வைத்துக்கொள்ளுங்கள். உடன்பிறப்பு அ/இ ஆக இருந்தால் முழுப் பொருத்தம், வாய்ப்பு 25%. அ/ஈ அல்லது ஆ/இ ஆக இருந்தால் ஒரு சரம் பொது, அதுதான் ஹாப்லோ, 50%. ஆ/ஈ என்றால் பொதுவாக எதுவும் இல்லை, 25%. இது ஒவ்வொரு பிள்ளைக்கும் தனித்தனியாகப் போடும் கணக்கு. “நாலு பிள்ளை இருந்தால் ஒண்ணு கட்டாயம் பொருந்தும்” என்று யாரும் நம்பிவிட வேண்டாம்.

இப்போது வெளியாள் ஒருவர்: ஏ*33:03, 02:11, பி*57:01, 07:05, டி.ஆர்.பி.1*07:01, 10:01. எண்ணிப் பார்த்தால் நோயாளியோடு 3/6. ஆனால் ஏ*33:03 நோயாளிக்கு அப்பா வழி வந்தது, பி*57:01 அம்மா வழி வந்தது. பொதுவான சரம் என்று எதுவும் இல்லை. இடையில் இருக்கும், நாம் டைப் செய்யாத ஜீன்களும் அதனால் பொருந்தாது. அண்ணன் ஆ/இ-க்கும் அதே 3/6-தான், ஆனால் அவரிடம் ‘இ’ சரம் நடுவில் இருப்பதையும் சேர்த்து முழுசாக இருக்கிறது. ரிப்போர்ட்டில் இரண்டும் ஒரே எண்ணாகத் தெரிவதுதான் குழப்பத்துக்குக் காரணம்.

ஆகவே ‘ஹாப்லோ’ என்று எழுதும் முன் பெற்றோர் இருவரின் டைப்பிங்கும், முடிந்தால் இன்னொரு பிள்ளையின் டைப்பிங்கும் கையில் இருக்க வேண்டும். பெற்றோர் இல்லாத இடத்தில் உடன்பிறப்புகளை வைத்தே சரங்களைப் பிரித்தெடுக்கலாம். அதுவும் இல்லையென்றால் மென்பொருள் கணிக்கும்: மேலே உள்ள அ, இ போன்றவை இந்தியாவில் அடிக்கடி சேர்ந்தே வரும் தொகுப்புகள் என்பதால் ஊகம் பெரும்பாலும் சரியாக வரும். ஆனால் அது ஊகம்தான் என்று ரிப்போர்ட்டில் எழுத வேண்டும். நம் மாவட்டத்துச் சமூகங்களுக்கென்று தனி அட்டவணை அந்த மென்பொருள்களில் கிடையாது.

தக்கலை_ஜெனிடிக்ஸ்

மேலே சொன்ன மாதிரிக் குடும்பமே கோடு பற்றிய கேள்விக்கும் உதவும். அ, இ இரண்டிலும் டி.ஆர்.பி.1*07:01 இருப்பதால் நோயாளியின் ரிப்போர்ட்டில் அந்த இடத்தில் ‘07:01, –’ என்று வரும். இரண்டாவது அலீல் வேறாகக் கிடைக்கவில்லை என்பது மட்டும்தான் அந்தக் கோட்டின் பொருள். ஹோமோசைகஸ் (இரண்டு சரத்திலும் ஒரே அலீல்) என்று அது உறுதி சொல்லவில்லை.

நிஜமாகவே ஹோமோசைகஸாக இருக்கலாம். அல்லது பிரைமர் (ஜீனைப் பெருக்க டெஸ்டில் போடும் சிறு டி.என்.ஏ. துண்டு) ஒட்டும் இடத்தில் ஒரு மாற்றம் இருந்து ஓர் அலீல் பெருகாமலே விடுபட்டிருக்கலாம். லுக்கீமியாவில் இன்னொன்றும் உண்டு: பிளாஸ்ட் செல்கள் (முதிராத புற்றணுக்கள்) 6-ஆம் குரோமோசோமின் அந்தத் துண்டை இழந்துவிட்டிருக்கலாம். ரத்தத்தில் பிளாஸ்ட் நிறைந்திருக்கும்போது டைப் செய்தால் ஏ, பி, சி, டி.ஆர், டி.க்யூ எல்லா இடத்திலும் ஒரே அலீல்தான் தெரியும், ஒரு சரமே காணாமல் போன மாதிரி. ஐந்து லோகஸிலும் கோடு இருந்து, பெற்றோர் சொந்தக்காரர்களும் இல்லையென்றால் கன்னத்தின் உட்பக்க ஸ்வாப் வைத்து மறுபடி பார்க்கச் சொல்லுங்கள். பெற்றோரின் டைப்பிங் இருந்தால் அப்போதே பிடிபடும். நோயாளிக்கு அப்பாவின் சரமோ அம்மாவின் சரமோ ரிப்போர்ட்டில் காணவில்லை என்றால் எங்கேயோ தவறு.

கோடு நிஜமான ஹோமோசைகஸ் என்றால் பொருத்தத்தின் திசையும் மாறும். ஆ/இ அண்ணனுக்கு டி.ஆர்.பி.1*15:01, 07:01. நோயாளிக்கு 07:01 மட்டும். அண்ணனின் செல்களுக்கு நோயாளியிடம் இந்த லோகஸில் அந்நியமாக ஒன்றும் தெரியாது, ஆகவே ஜி.வி.எச்.டி. (டோனர் செல்கள் நோயாளியின் உடலைத் தாக்குவது) திசையில் பொருத்தம். நோயாளியின் உடலுக்கு 15:01 அந்நியம், ஆகவே நிராகரிக்கும் திசையில் பொருத்தமின்மை. ‘1 மிஸ்மேட்ச்’ என்று எண்ணை மட்டும் எழுதினால் டாக்டருக்கு இந்தத் தகவல் போய்ச் சேராது.

இனி சொந்தத்துக் கல்யாணம். டியூப் மாறியதாகத்தான் இருக்க வேண்டும் என்றில்லை. நம்ம பக்கம் இது அடிக்கடி நடக்கக் கூடியதுதான், கேட்டியளா. கணவரின் அம்மாவும் மனைவியின் அப்பாவும் உடன்பிறப்புகள் என்றால், தம்பதிக்குப் பொதுவாக ஒரு சரம் இருக்க வாய்ப்பு 4-இல் 1. அப்பா அ/ஆ, அம்மா அ/ஈ என்று எழுதுங்கள். பிள்ளைகள் அ/அ, அ/ஈ, ஆ/அ, ஆ/ஈ. அ/ஈ பிள்ளைக்கு அம்மா முழுப் பொருத்தம். ஆ/அ பிள்ளைக்கு அப்பா முழுப் பொருத்தம். ஆக, இப்படிப்பட்ட வீட்டில் பாதிப் பிள்ளைகளுக்குப் பெற்றோரில் ஒருவர் முழுசாகப் பொருந்துவார். தாய்மாமனே அக்கா மகளைக் கட்டியிருந்தால் பொதுச் சரத்துக்கான வாய்ப்பு 2-இல் 1 ஆகிவிடும். இதனால்தான் இந்தக் குடும்பங்களில் அண்ணன் தம்பியோடு நிறுத்தாமல் பெற்றோரையும், அத்தை, மாமா பிள்ளைகளையும் டைப் செய்வது பலன் தருகிறது.

தாலசீமியா வீடாக இருந்தால் அடுத்து வரும் கேள்வி, “அம்மாவுக்கு மைனர் இருக்கே, கொடுக்கலாமா?” கொடுக்கலாம், மைனர் (ஒரு ஜீனில் மட்டும் குறை இருப்பது) தடையில்லை. பல பிரசவம் கண்ட தாய் டோனராக இருந்தால் நாள்பட்ட ஜி.வி.எச்.டி. வாய்ப்பு சற்று கூடும் என்பதை மட்டும் மாற்று மையம் கணக்கில் எடுக்கும். 10/10 என்று வந்தாலும் இருவருக்கும் புது மாதிரி எடுத்து உறுதிசெய்யும் டைப்பிங் ஒன்று எப்படியும் நடக்கும், டியூப் சந்தேகம் அங்கே தீர்ந்துவிடும்.

சரம் எப்போதும் அறாமல் வரும் என்றும் இல்லை. ஏ-க்கும் பி-க்கும் நடுவே சுமார் 1% அளவில் துண்டு மாறும். அப்போது உடன்பிறப்பு ஒருவர் 9/10 என்று வருவார். டி.க்யூ-வுக்கும் டி.பி-க்கும் (அந்தப் பத்தில் எண்ணப்படாத இன்னொரு எச்.எல்.ஏ. லோகஸ்) நடுவே அறுவது இன்னும் அதிகம். அதனால் 10/10 பொருந்திய உடன்பிறப்புக்குக்கூட டி.பி.பி.1 பொருந்தாமல் போகலாம். அதைப் பார்த்து உடனே லேபைக் குறை சொல்ல வேண்டாம்.

பி.எம்.டி_சிஸ்டர்_குழித்துறை

மாதிரி எடுப்பதில் வரும் தவறுகளையும் சேர்த்துக்கொள்ளுங்கள், விளக்கம் எவ்வளவு சரியாக இருந்தாலும் மாதிரி கெட்டால் ஒன்றும் மிஞ்சாது.

டி.என்.ஏ. டைப்பிங்குக்கு ஊதா மூடி ஈ.டி.டி.ஏ. டியூப், பெரியவருக்கு 3 முதல் 5 மில்லி. பச்சை மூடி ஹெப்பரின் டியூபில் எடுத்து அனுப்பாதீர்கள், டி.என்.ஏ.-வைப் பெருக்கும் பி.சி.ஆர். வேலையை ஹெப்பரின் மறிக்கும். லிம்போசைட் கிராஸ்மேட்ச் (நோயாளியின் சீரம் டோனரின் வெள்ளணுவைத் தாக்குகிறதா என்று பார்ப்பது) என்றால் கதை வேறு: உயிரோடு இருக்கும் செல் வேண்டும், ஆகவே லேப் சொல்லும் டியூபில், ஐஸ் இல்லாமல், அன்றைக்கே அனுப்ப வேண்டும். இரண்டையும் ஒரே பெட்டியில் ஐஸ் போட்டு அனுப்பி, கிராஸ்மேட்ச் பண்ண முடியாமல் திரும்பி வருவது வழக்கமாக நடக்கும் தவறு.

அடிக்கடி ரத்தம் ஏற்றும் தாலசீமியாப் பிள்ளைக்கு அடுத்த ரத்தம் ஏற்றும் முன் மாதிரி எடுங்கள். ஏற்றிய ரத்தத்தில் இருக்கும் வெள்ளணு சிக்னலில் கலக்கலாம்.

அண்ணன் துபாயிலோ சவூதியிலோ இருந்தால் லீவு கிடைக்கும்வரை காத்திருக்க வேண்டியதில்லை, ஸ்வாப் போதும். சாப்பிட்டு, குடித்து, வெற்றிலை போட்டு அரை மணி நேரமாவது கழித்து, கன்னத்தின் உட்புறத்தில் ஒவ்வொரு குச்சியையும் நன்றாக அழுத்திச் சுழற்ற வேண்டும். நிழலில் காய வைத்துக் காகித உறையில் போடுங்கள். ஈரத்தோடு பிளாஸ்டிக் கவரில் அடைத்தால் பூஞ்சை பிடித்து டி.என்.ஏ. சிதைந்துவிடும். நம்மூரில் இரண்டு மழைக்காலமும் உண்டு, ஆகவே காய்வதற்குக் கொஞ்சம் அதிக நேரம் கொடுங்கள். பெயர், பிறந்த தேதி, நோயாளிக்கு என்ன உறவு என்பதை உறையில் எழுதுங்கள். ‘பிரதர்’ என்று மட்டும் எழுதினால் சித்தப்பா மகனும் அதில் வந்துவிடுவார், சரம் பிரிக்கும்போது கணக்கே தப்பும். ‘உடன்பிறந்த அண்ணன், ஒரே அம்மா அப்பா’ என்று முழுசாக எழுதுங்கள்.

வார்டில் ‘ஹாப்லோ பண்ணப் போறாங்க’ என்றால் சொல் சிகிச்சையைக் குறிக்கிறது: பாதி பொருந்தும் சொந்தக்காரரிடமிருந்து எடுத்து, ஸ்டெம் செல் ஏற்றிய பின் 3-ஆம், 4-ஆம் நாள் சைக்ளோபாஸ்பமைடு கிலோவுக்கு 50 மில்லிகிராம் கொடுக்கும் முறை. அந்நிய எச்.எல்.ஏ.-வைக் கண்டு அந்த நாட்களில் வேகமாகப் பெருகும் டி செல்களைத்தான் அந்த மருந்து குறிவைக்கிறது. ஸ்டெம் செல்லிடம் ஆல்டிஹைடு டிஹைட்ரஜனேஸ் நொதி நிறைய இருப்பதால் அது தப்பித்துவிடும். எதிர்ப்பாற்றலை அடக்கும் டாக்ரோலிமஸ், மைகோபீனோலேட் 5-ஆம் நாள்தான் தொடங்கும். அதுவரை வாந்திக்கென்று டெக்சாமெத்தசோன் என்ற ஸ்டீராய்டு போடக் கூடாது, டி செல் பெருகுவதை அது தடுத்துவிட்டால் சைக்ளோபாஸ்பமைடுக்குப் பிடிபடாமல் போகும். புதிதாக டியூட்டிக்கு வருகிறவர்கள் வழக்கமான வாந்தி மருந்துப் பட்டியலை அப்படியே தொடர்ந்துவிடும் ஆபத்து இங்கேதான்.

ஹாப்லோ டோனரை முடிவுசெய்யும் முன், நோயாளியின் ரத்தத்தில் அந்த டோனரின் எச்.எல்.ஏ.-வுக்கு எதிரான ஆன்டிபாடி இருக்கிறதா என்றும் பார்க்க வேண்டும். நிறைய ரத்தம் ஏற்றியவர்களுக்கு அது உருவாகியிருக்கலாம். அது பலமாக இருந்தால் செல் பிடிக்காமல் போகலாம். அப்போது அண்ணனை விட்டு, அந்த அலீல் இல்லாத வேறு சொந்தக்காரரைத் தேடுவார்கள். ‘ஹாப்லோ கிடைச்சாச்சு’ என்றதும் குடும்பம் நிம்மதி அடையும் இடத்தில் இதையும் சொல்லிவைப்பது நல்லது.

நாஞ்சில்_இம்யூனோ

ஹாப்லோகுரூப் பற்றி யாரும் சொல்லவில்லை. அது வேறு. ஒய் குரோமோசோமிலோ மைட்டோகாண்ட்ரியா டி.என்.ஏ.-விலோ ஒரே பழைய மாற்றத்தைப் பகிரும் ஹாப்லோடைப்களை ஒரே கிளையாகத் தொகுத்து ஒரு எழுத்து கொடுப்பது ஹாப்லோகுரூப். மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் இம்யூனாலஜி பேராசிரியராக இருந்த பிச்சப்பன் தமிழ்நாட்டில் ஆராய்ந்த எம்130 குறியீடு ஒய் குரோமோசோமின் சி கிளையைச் சேர்ந்தது. எச்.எல்.ஏ. ஆய்வும் செய்தவர் அவரே என்பதால் இரண்டு சொற்களும் சேர்ந்தே காதில் விழுகின்றன. வம்சாவளி டெஸ்டில் இருவருக்கும் ஒரே ஹாப்லோகுரூப் வந்தது என்பதை வைத்து மஜ்ஜைப் பொருத்தம் ஒன்றும் சொல்ல முடியாது. அது 6-ஆம் குரோமோசோமைப் பார்க்கவே இல்லை.

மார்த்தாண்டம்_எம்.எல்.டி.

நன்றி சார், சிஸ்டர். ஒரே ஒரு சந்தேகம். அந்த மாமன் மகள் வீட்டில் இன்னும் இரண்டு பிள்ளைகள் உண்டு. பெரியப்பா மக்களும் முன்வருகிறார்கள். யாரை முதலில் டைப் செய்யச் சொல்வது?

தக்கலை_ஜெனிடிக்ஸ்

முதலில் அந்த இரண்டு பிள்ளைகள், அப்பாவையும் சேர்த்து. அம்மா ஏற்கெனவே ஆகிவிட்டது. நால்வரின் முடிவும் வந்ததும் நான்கு சரத்தையும் காகிதத்தில் எழுதி, நோயாளிக்கு எந்த இரண்டு என்று குறியுங்கள். பெரியப்பா மக்கள் இப்போதைக்கு வேண்டாம்: அவர்களுக்கு அப்பா வழிச் சரம் மட்டுமே பொதுவாக இருக்க முடியும், அவர்களின் அம்மாவும் அதே சொந்தத்திலிருந்து வந்திருந்தால் தவிர. அது அப்படியா என்று குடும்பத்தாரிடமே கேளுங்கள். ஆம் என்றால் அவர்களையும் வரச் சொல்லலாம். டைப்பிங் செலவு ஒவ்வொருவருக்கும் தனித்தனியாக ஏறும், ஆகவே காகிதத்தில் சரம் போட்டுப் பார்த்துவிட்டு அடுத்த ஆளை அழைப்பதுதான் முறை.